கே.பி. என்ற தயாரிப்பாளர்: யாரும் கணக்கெடுக்காத பக்கம்

மேடைப்பிரியன் (இழையைத் தொடங்கியவர்)

போன ஞாயிறு வீட்டில் தில்லு முல்லு மறுபடியும் ஓடியது. எத்தனையாவது முறை என்று கேட்காதீர்கள். பார்த்துக்கொண்டே இருந்தபோது ஒரு விஷயம் உறைத்தது. 1975ல் அபூர்வ ராகங்களில் ஒரு இரும்பு கேட்டைத் தள்ளிக்கொண்டு வரும் ஆளாக ரஜினியை அறிமுகப்படுத்தியவர் கே.பி. என்று நாம் சொல்லும் இயக்குநர் கே.பாலச்சந்தர். ஆறே வருடம் கழித்து 1981ல் தில்லு முல்லு. அதற்கப்புறம் ரஜினியைக் கதாநாயகனாக வைத்து அவர் ஒரு படம்கூட இயக்கவில்லை. அக்னி சாட்சி மாதிரி படங்களில் தலை காட்டியதை நான் கணக்கில் சேர்க்கவில்லை.

ஆனால் அதே 1981ல்தான் அவருடைய தயாரிப்புக் கம்பெனி கவிதாலயா ஆரம்பமாகிறது. முதல் படமே நெற்றிக்கண். ரஜினிக்கு இரட்டை வேடம், இயக்கம் எஸ்.பி.முத்துராமன். பிறகு புதுக்கவிதை, நான் மகான் அல்ல, ஸ்ரீ ராகவேந்திரர், வேலைக்காரன், சிவா, அண்ணாமலை, முத்து என்று வரிசையாக ரஜினி படங்கள். எதையும் கே.பி. இயக்கவில்லை, எல்லாவற்றையும் அவருடைய கம்பெனி எடுத்தது.

இயக்குநர் கே.பி. பற்றி இந்தக் களத்திலேயே ஏழெட்டு இழைகள் இருக்கின்றன. தயாரிப்பாளர் கே.பி. பற்றி ஒன்று கூட இல்லை. தொலைக்காட்சியில் அவர் செய்ததைப் பற்றியும் இரண்டு வரிக்கு மேல் யாரும் எழுதியதில்லை. தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

ரீல்பெட்டி

நல்ல கேள்வி சார். என் அப்பா மதுரைப் பக்கம் ஒரு விநியோகக் கம்பெனியில் ரெப்பாக இருந்தவர். தியேட்டர் தியேட்டராகப் போய் வசூல் நோட்டில் கையெழுத்து வாங்கி வருகிற வேலை. வீட்டில் சாப்பாட்டுப் பேச்சே ஏரியா (விநியோகப் பகுதி), எம்.ஜி. (மினிமம் கியாரண்டி), அவுட்ரைட் (மொத்தமாக வாங்குவது) என்றுதான் இருக்கும். அதனால் கே.பி.யை நான் முதலில் தெரிந்துகொண்டது பேனராகத்தான்.

அந்தக் காலத்தில் ரஜினி படத்துக்குப் பூஜை போட்ட உடனேயே ஏரியா பேச ஆள் வந்துவிடும். விநியோகஸ்தர் தருகிற அட்வான்ஸிலேயே பாதிப் படம் எடுத்துவிடலாம், பைனான்சியர் வட்டியும் குறையும். சரிதாவையோ சுஹாசினியையோ நம்பி, பாதி வசனம் பாதி மௌனம் என்று ஒரு கதையோடு போனால் அப்படி நடக்காது. படத்தை முடித்துப் போட்டுக் காட்டினால்தான் வியாபாரமே. இந்த இரண்டு வகைப் படத்தையும் ஒரே கம்பெனி எடுத்தது என்பதுதான் கவிதாலயாவைப் பற்றிப் பேச வேண்டிய விஷயம்.

1985ஐ எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்ரீ ராகவேந்திரர் ரஜினிக்கு நூறாவது படம், கவிதாலயா தயாரிப்பு. அதே வருடம் அதே கம்பெனியில் சிந்து பைரவி. குடிக்கு அடிமையாகும் ஒரு கர்நாடக சங்கீத வித்வான், திருமணமாகாமலே அவருடைய குழந்தையைப் பெறும் ஒரு பெண். இதை எந்த ஏரியாக்காரர் பூஜையன்றே வாங்குவார்?

அதைவிட 1992ஐப் பாருங்கள். அண்ணாமலை, ரோஜா, வானமே எல்லை. மூன்றும் கவிதாலயா. முதலாவது சுரேஷ் கிருஷ்ணா, இரண்டாவது மணிரத்னம், மூன்றாவது கே.பி.யே. அண்ணாமலைக்கு முதலில் வஸந்த் இயக்குநராக இருந்து, படப்பிடிப்புக்குச் சில நாட்கள் முன்னால் விலக, சுரேஷ் கிருஷ்ணா கைக்குப் போனது. இரண்டு பேருமே கே.பி.யின் உதவியாளர்கள். ஒருவர் போனால் அதே பட்டறையிலிருந்து இன்னொருவர். இப்படி ஒரு வசதி அன்றைக்கு எத்தனை தயாரிப்பாளருக்கு இருந்தது?

வெண்திரை

இதைத்தான் நான் வேறு மாதிரி சொல்வேன். தண்ணீர் தண்ணீர் எடுத்தவர் முத்துவை ஏன் தயாரிக்க வேண்டும்? காசுக்காக என்றால் காசுக்காக என்றே சொல்லிவிட்டுப் போகலாம். அதற்கு ஒரு கொள்கைச் சாயம் எதற்கு?

கோவில்பட்டிக்காரன்

ஒரு திருத்தம் வெண்திரை. தண்ணீர் தண்ணீர் கவிதாலயா படம் இல்லை, கலாகேந்திரா தயாரித்தது. கோமல் சுவாமிநாதனின் மேடை நாடகம் அது. அபூர்வ ராகங்கள், அரங்கேற்றம் எல்லாமே கலாகேந்திராதான். கே.பி.யின் பெரிய சோதனைகள் பலவற்றுக்குப் பணம் போட்டவர்கள் வேறு ஆட்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

எங்கள் கரிசல் பக்கத்தில் தண்ணீர் தண்ணீர் படத்துக்கு ஒரு தனி இடம் உண்டு. எங்காவது பஞ்சாயத்துக் குழாய் நின்றுபோனால் பெரியவர்கள் இன்னும் படத்தில் வரும் ஊரைச் சொல்லி "அத்திப்பட்டி ஆகிப்போச்சு" என்பார்கள். படத்தைப் பார்க்காத பிள்ளைகளும் அதைச் சொல்வதைக் கேட்டிருக்கிறேன்.

ஆனால் உங்கள் கேள்விக்குப் பதில் அச்சமில்லை அச்சமில்லையில் இருக்கிறது. 1984, கவிதாலயா. ஊருக்கு நல்லது செய்ய அரசியலுக்கு வந்த புருஷன் அழுகிப்போவதை மனைவி பார்க்கிற கதை. தமிழின் சிறந்த படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. அதே வருடம் அதே கம்பெனியில் நான் மகான் அல்ல. இரண்டில் எது எதற்குச் சோறு போட்டது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ரீல்பெட்டி

கோவில்பட்டியார் சொன்னது சரி, கலாகேந்திராவை விட்டது என் தப்பு.

வெண்திரைக்கு: முத்துவில் என்ன குறை ஐயா? கே.எஸ்.ரவிக்குமார் ஒரு விருந்து போட்டார், ஊரே சாப்பிட்டது. 1998ல் ஜப்பான்காரனும் வந்து சாப்பிட்டான். 😄

விடாதுகருப்பு97

இந்த இழை எப்போது தொலைக்காட்சிக்கு வரும் என்று காத்திருந்தேன். வரக்காணோம், நானே இழுத்து வருகிறேன்.

என் பெயரைப் பார்த்தாலே என் கட்சி தெரியும். மர்மதேசம் தொடர் (விடாது கருப்பு அதில் ஒரு கதை) சன் டிவியில் வந்தபோது நான் எட்டாம் வகுப்பு. எங்கள் தெருவில் எல்லா வீட்டிலும் கேபிள் இல்லை. இருந்த வீட்டுத் திண்ணை வரைக்கும் ஆள் உட்கார்ந்திருக்கும். வாரத்துக்கு ஒரு நாள்தான். முடிந்த பிறகு கொல்லைப்பக்கம் தனியாகப் போக ஒருத்தருக்கும் தைரியம் இருக்காது. வெள்ளைக் குதிரை எங்கே நின்றாலும் எனக்கு இன்றைக்கும் ஒரு நொடி பக் என்கும்.

இந்திரா சௌந்தர்ராஜன் கதை, நாகா இயக்கம். நாங்கள் இந்த இரண்டு பெயரைத்தான் கொண்டாடினோம், அது நியாயமும்கூட. தயாரிப்பு மின் பிம்பங்கள் என்று வருவதைப் படித்தும் படிக்காமலும் விட்டுவிட்டோம். அது கே.பி.யின் தொலைக்காட்சிக் கம்பெனி என்று கல்லூரிக்குப் போன பிறகுதான் தெரியும். ஆச்சரியம் என்னவென்றால் அதில் கே.பி. வாசனையே இல்லை. நீளநீளமான வசனம் இல்லை, குறியீட்டுப் பொம்மை இல்லை, கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து நிற்கிற கதாநாயகி இல்லை. கிராமதேவதை, சித்த வைத்தியம், கோயில் மர்மம் என்று முழுக்க வேறு உலகம். அவருடைய ரசனைக்குள் வராத ஒன்றை ஒரு இளைஞரை நம்பி எடுக்கவிட்டு, தன் கம்பெனிப் பெயரைப் போட்டார். அப்புறம் அதே நாகா ரமணி வெர்சஸ் ரமணி என்று ஒரு வீட்டு நகைச்சுவைக்குத் தாவியதும் அங்கேதான்.

என்னைக் கேட்டால் ரஜினி படம் தயாரித்ததைவிட இது பெரிய துணிச்சல். ரஜினியை யார் வேண்டுமானாலும் நம்புவார்கள்.

வெண்திரை

சரி, மர்மதேசத்தை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அவரே இயக்கிய தொடர்கள்? அறுபது வயதுக்கு மேல், சினிமாவில் மார்க்கெட் குறைந்ததும் சீரியலுக்குப் போனார் என்பதுதானே உண்மை? அதை இறக்கம் என்று சொல்லக் கூடாதா?

மேடைப்பிரியன்

இதற்குத்தான் நான் நீளமாக எழுத வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் காலக்கணக்கு. தூர்தர்ஷனுக்கு அவர் ரயில் சிநேகம் எடுத்தது தொண்ணூறுகளின் தொடக்கத்தில். தனியார் சேனலே வராத காலம். அதற்கு அப்புறம்தான் ஜாதி மல்லி, டூயட், கல்கி எல்லாம். அதாவது சினிமா கைவிட்டதால் சின்னத்திரைக்குப் போனவர் இல்லை, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துச் செய்தவர். டூயட்டில் தமிழுக்கு அறிமுகமான பிரகாஷ்ராஜ் கையளவு மனசு தொடரிலும் வருகிறார். ஒரு நாடகக் குழு மாதிரி ஒரே ஆட்களைத் திரைக்கும் பெட்டிக்கும் மாற்றி மாற்றிப் பயன்படுத்தினார்.

இரண்டாவது, அவர் எங்கிருந்து வந்தார் என்பது. நன்னிலம் பக்கத்துக்காரர், பிறந்தது 1930. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்தார். கொஞ்ச காலம் முத்துப்பேட்டையில் வாத்தியார், அப்புறம் சென்னையில் ஏ.ஜி. ஆபீஸ் (அக்கவுண்டன்ட் ஜெனரல் அலுவலகம்) குமாஸ்தா. சாயங்காலமானால் நாடகம். ராகினி ரிக்ரியேஷன்ஸ் குழுவுக்காக அவர் எழுதிய மேஜர் சந்திரகாந்த், சர்வர் சுந்தரம், நீர்க்குமிழி எல்லாம் சபா மேடையில் ஓடியவை. 1964ல் எம்.ஜி.ஆரின் தெய்வத்தாய்க்கு வசனம் எழுதியபோதும் அவர் அரசாங்கச் சம்பளக்காரர்தான்.

(இங்கே சிலர் சர்வர் சுந்தரம் படத்தையும் அவர் இயக்கியதாக நினைக்கிறார்கள். நாடகம்தான் அவருடையது, ஏவி.எம். எடுத்த படத்தை இயக்கியவர்கள் கிருஷ்ணன்-பஞ்சு. கே.பி. இயக்கிய முதல் படம் 1965ன் நீர்க்குமிழி.)

நீர்க்குமிழி ஏறக்குறைய முழுக்க ஒரு ஆஸ்பத்திரிக்குள் நடக்கும். எதிர்நீச்சலில் ஒரு ஒண்டுக்குடித்தன வீடு, ஒரு மாடிப்படி, அதன் கீழே ஒரு அநாதைப் பையன், மாடிப்படி மாது. பாமா விஜயத்தில் ஒரு கூட்டுக்குடும்பம், அக்கம்பக்கத்தில் ஒரு நடிகை. வெளிப்புறக் காட்சி இல்லாமல், நாலு சுவருக்குள் எட்டுப் பேரை நிற்க வைத்து, உள்ளே வருவதையும் வெளியே போவதையும் வைத்தே கதை நகர்த்துவது அவருக்கு இருபது வயதுகளிலிருந்தே கை வந்தது. இப்போது சொல்லுங்கள், தொலைக்காட்சித் தொடர் என்பது வேறென்ன? சினிமாக்காரர்கள் பலர் சீரியலுக்கு வந்து திணறியதற்குக் காரணம் அவர்களுக்குக் கேமராவை நகர்த்த இடம் தேவைப்பட்டது. இவருக்கு ஒரு கூடமும் ஒரு கதவும் போதும். அவர் இறங்கிப் போகவில்லை, பழைய வீட்டுக்குத் திரும்பிப் போனார்.

சரிதாரசிகை

ஆண்கள் எல்லோரும் கம்பெனிக் கணக்கு பேசுகிறீர்கள். நான் வேறு ஒன்று கேட்கிறேன்.

கே.பி. படங்களைப் பார்த்துத்தான் நான் வேலைக்குப் போனேன் என்று சொன்னால் மிகையில்லை. அவள் ஒரு தொடர்கதையின் கவிதா எனக்கு அக்கா மாதிரி. ஆனால் வயதாக ஆக ஒரு வருத்தம் கூடிக்கொண்டே வருகிறது. அந்தக் கவிதா கடைசியில் தன் கல்யாணத்தை விட்டுக்கொடுத்துவிட்டு மறுபடி ஆபீஸுக்குப் போகிறாள். அரங்கேற்றம் லலிதாவுக்குப் பைத்தியம் பிடிக்கிறது. சிந்து பைரவியின் சிந்து குழந்தையைக் கொடுத்துவிட்டு ஊரை விட்டுப் போகிறாள். மனதில் உறுதி வேண்டும் நந்தினியோ விவாகரத்து செய்த புருஷனுக்கே சிறுநீரகம் தருகிறாள்! எங்களை நிமிர வைத்தவரே ஏன் கடைசி ரீலில் பில் போட்டுக் கையில் கொடுக்கிறார்?

'அவர்கள்' படம் மட்டும் விதிவிலக்கு. ரயிலில் கிளம்புகிற அனுவோடு மாமியாரும் ஏறிக்கொள்வது. அந்த ஒரு காட்சிக்காக மற்றதையெல்லாம் மன்னிக்கலாம் என்று சில நாள் தோன்றும், சில நாள் தோன்றாது.

தொலைக்காட்சிக்கு வருகிறேன். கையளவு மனசு கீதா, பிரேமி ரேணுகா, அண்ணி மாளவிகா. இவர்களை அம்மாவும் நானும் சேர்ந்து பார்த்தோம். தொடரில் கடைசி ரீல் என்று ஒன்று சீக்கிரம் வராது. அதனால் அந்தப் பெண்களுக்குத் தண்டனையும் சீக்கிரம் வரவில்லை. வாராவாரம் ஏதோ ஒரு முடிவு எடுத்தார்கள், தப்பு செய்தார்கள், அடுத்த வாரம் அதே சமையலறையில் நின்று சமாளித்தார்கள். எங்கள் வாழ்க்கை அப்படித்தானே. இரண்டரை மணி நேரத்துக்குள் தியாகம் செய்துவிட்டுப் போக எங்களுக்கு நேரம் ஏது.

விடாதுகருப்பு97

அக்கா, இதைத் தனி இழையாகவே போட வேண்டும்.

ஸ்லாட்காரன்

பொதுவாகப் படித்துவிட்டுப் போகிறவன் நான். மேடைப்பிரியன் அண்ணன் எழுதியதில் ஒரு பாதி விடுபடுகிறது, அதனால் எழுதுகிறேன்.

நான் தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு சீரியல் கம்பெனியில் உதவி இயக்குநர். கே.பி. கம்பெனி இல்லை, வேறு ஒன்று, பெயர் வேண்டாம். நாலு மாதச் சம்பளமும் பேட்டாவும் இன்னும் வர வேண்டியிருக்கிறது, வராது என்று தெரியும்.

அப்போது தனியார் சேனலில் நடைமுறை எப்படி என்றால், தயாரிப்பாளர் சேனலுக்கு ஒளிபரப்புக் கட்டணம் கட்டி ஸ்லாட் (ஒளிபரப்பு நேரம்) வாங்குவார். அரை மணி நேரத்தில் இத்தனை நிமிட விளம்பரம் அவருக்கு என்று தருவார்கள். அந்த நிமிடங்களைச் சோப்புக் கம்பெனிக்கும் நகைக் கடைக்கும் விற்றுத்தான் கட்டணம், படப்பிடிப்புச் செலவு, சம்பளம், லாபம் எல்லாம். விளம்பரம் விற்காத வாரம் கைக்காசு போகும். அதாவது தொலைக்காட்சியில் தயாரிப்பாளர் என்பவர் வாராவாரம் கடை திறந்து வியாபாரம் செய்பவர். சினிமா மாதிரி ஒரு தீபாவளி வெற்றியில் மூன்று வருடம் உட்கார்ந்து சாப்பிட முடியாது.

வாரத் தொடராக இருந்தவரை எழுத நேரம் இருந்தது. ஒத்திகை பார்க்கவும் நேரம் இருந்தது. 1999ல் சித்தி என்ற தினசரித் தொடர் வந்து அடித்த அடிக்கு அப்புறம் எல்லோருக்கும் தினசரித் தொடர் வேண்டும். ஒரே நாளில் ஒன்றரை எபிசோட் எடுக்கச் சொல்வார்கள். காலையில் வருகிற சீன் பேப்பரில் மை காய்ந்திருக்காது. டி.ஆர்.பி. இறங்கினால் கதையில் ஒருத்திக்கு விஷம் வைக்க வேண்டும். நாடகக்காரரின் பலம் ஒத்திகை. ஒத்திகைக்கு நேரமே இல்லாத இடமாகத் தொலைக்காட்சி மாறியது. "பழைய வீட்டுக்குத் திரும்பினார்" என்கிறீர்கள் அண்ணே. அந்த வீட்டை பத்தே வருடத்தில் இடித்துக் கல்யாண மண்டபம் ஆக்கிவிட்டார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

மேடைப்பிரியன்

இதை நான் யோசிக்கவில்லை தம்பி. ஒப்புக்கொள்கிறேன். 2003ல் ஜெயா டிவிக்கு சஹானா என்று சிந்து பைரவியின் தொடர்ச்சியை எடுத்தார் அல்லவா, அதைப் பார்க்கும்போது எனக்கே ஏதோ குறைந்த மாதிரி இருந்தது. வயதின் குறை என்று நினைத்துவிட்டேன். நீங்கள் சொல்வது வேறு காரணம்.

வெண்திரை

என் கருத்தை முழுசாக மாற்றிக்கொண்டேன் என்று சொல்ல மாட்டேன். நூறாவது படமான பார்த்தாலே பரவசம் எனக்கு இன்றும் தாங்கவில்லை. ஆனால் ஒன்று கவனித்தேன். 2006ல் அவர் கடைசியாக இயக்கிய பொய் படத்தைத் தயாரித்தது பிரகாஷ்ராஜ். அவருடைய கம்பெனிக்குப் பெயரே டூயட் மூவீஸ். குருவின் படப் பெயரைக் கம்பெனிக்கு வைத்து, குருவுக்கே முதலாளியாக இருந்திருக்கிறார்! இது நீங்கள் சொல்கிற நாடகக் குழு வாதத்துக்குத்தான் வலு சேர்க்கிறது என்று தோன்றியது, அதனால் எழுதுகிறேன்.

ரீல்பெட்டி

வெண்திரை இறங்கி வந்த தேதியைக் குறித்து வைக்கிறேன்.

நீங்கள் சொன்னதோடு ருத்ரவீணையையும் சேர்க்கலாம். 1988, தெலுங்கு. அதற்குத் தயாரிப்பாளர் நாகபாபு, நாயகன் அண்ணன் சிரஞ்சீவி. தேசிய விருது வந்தது, வசூல் வரவில்லை. அதே கதையைத் தமிழில் கமலை வைத்து உன்னால் முடியும் தம்பி என்று கவிதாலயாவிலேயே எடுத்தார். ஓடாத கதை என்று தெரிந்தே சொந்தக் காசைப் போட்டிருக்கிறார். ஏ.ஜி. ஆபீஸில் கணக்குப் பார்த்தவர் செய்கிற காரியமா இது? அந்த வருடக் கவிதாலயா லெட்ஜரை யாராவது காட்டினால் என் ஒரு மாதப் பென்ஷனைத் தருவேன்.

கோவில்பட்டிக்காரன்

கவிதாலயா என்றால் எனக்கு முதலில் காதில் விழுவது அந்தத் திருவள்ளுவர் சிலையும் "அகர முதல எழுத்தெல்லாம்" பாட்டும்தான். டூரிங் டாக்கீஸில் அது வந்தால் படம் தொடங்கிவிட்டது என்று முறுக்குக்காரர் வெளியே போவார்.

சரிதாரசிகை

2014 டிசம்பர் 23 ராத்திரி அம்மா எனக்குப் போன் செய்தார். "நம்ம பாலச்சந்தர் போயிட்டாராம்" என்றார். அந்த "நம்ம" சினிமாவால் வந்தது இல்லை என்று நினைக்கிறேன், அம்மா தியேட்டருக்குப் போனதே குறைவு. அடுத்த வருடம் உத்தம வில்லனில் அவரை இயக்குநராகவே திரையில் பார்த்தபோது அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

இப்போது ஒரு உதவி. கையளவு மனசு முழுத் தொடரும் யாரிடமாவது இருக்கிறதா? அம்மாவுக்கு எண்பது ஆகிறது, மறுபடி பார்க்க வேண்டும் என்கிறார். இணையத்தில் துண்டு துண்டாகத்தான் கிடைக்கிறது.

ஸ்லாட்காரன்

அக்கா, என்னிடம் அந்தக் காலத்தில் டிவியிலிருந்து பதிவு செய்த வி.எச்.எஸ். டேப் நாலைந்து இருக்கிறது. லேபிளில் என் கையெழுத்தில் "க.மனசு" என்று இருக்கிறது. பூஞ்சை பிடித்திருக்கலாம், பிளேயரும் இல்லை. ரிச்சி தெருவில் ஒருவர் இன்னும் டேப்பைக் கழுவி மாற்றித் தருவதாகக் கேள்வி. சனிக்கிழமை போய்ப் பார்த்துவிட்டு இங்கேயே எழுதுகிறேன்.